நான்கு விரல் உயர்ந்த கட்டில்

அன்று காலை கட்டிலைவிட்டு இறங்கியபோது அவள் கால் தரையைத் தொடவில்லை. பத்து வருஷமாக அதே கட்டில், அதே கால். கொஞ்ச நேரம் தொங்கிப் பார்த்துவிட்டுக் குதித்தாள்.

“என்னங்க, கட்டில் உசந்திருக்கா?”

“நீதான் குட்டையாயிட்டே,” என்றான் புருஷன், வாயில் பல்பொடி நுரையோடு.

வேறொரு நாளாக இருந்தால் இதை அவள் சும்மா விட்டிருக்க மாட்டாள். அன்று லாரி வருகிற நாள். மூன்று மாதமாக ஊர் முழுக்க அலைந்து, கெஞ்சி, கத்தி, காலில் விழாத குறையாக அவள் கூட்டிச் சேர்த்த முப்பத்திரண்டு வீட்டு உருளைக்கிழங்கும் முதல் தடவையாக ஒரே லாரியில் ஏறப்போகிற நாள். கட்டிலையா பார்ப்பாள்?

அந்த ஊரில் யாருக்கும் பெரிய நிலம் கிடையாது. வீட்டுக்கு மூன்று மூட்டை, நல்ல வருஷமானால் ஐந்து. மூன்று மூட்டையோடு சந்தைக்குப் போகிறவனை யார் மதிப்பார்கள்? தரகர் ஒரு கிழங்கை எடுத்துக் கட்டைவிரலால் அழுத்துவார், முகத்தைச் சுளிப்பார். எவ்வளவு சுளிக்கிறாரோ அந்த அளவுக்கு விலை இறங்கும். வறுவல் தயாரிக்கும் கம்பெனி அதே கிழங்குக்கு ஒன்றரை மடங்கு தருகிறது. ஆனால் அவர்களுக்கு மொத்தமாக நூறு மூட்டை வேண்டும். எல்லாம் ஒரே அளவில் வேண்டும். இவள் கம்பெனி வாசலில் மூன்று நாள் உட்கார்ந்து ஒரு வாய்ப்பு வாங்கி வந்திருந்தாள். ஒரே ஒரு வாய்ப்பு. லாரி ஒரு தடவை வெறுமனே திரும்பினால் மறுபடி இந்தப் பக்கம் வராது என்று அவர்கள் தெளிவாகவே சொல்லியிருந்தார்கள்.

அளவு பார்ப்பதற்காக வெல்டிங் பட்டறையில் ஓர் இரும்பு வளையம் செய்து வாங்கினாள். வளையத்துக்குள் புகுந்து விழுகிற கிழங்கு பொடி. புகாமல் நிற்பது தேறியது. அன்றிலிருந்து அவளுக்கு ஊரில் வளையக்காரி என்று பெயர். முதுகுக்குப் பின்னால்தான், ஆனால் அவள் காதில் விழுகிற சத்தத்தில்.

கூடவே ஒரு விதியும் கொண்டுவந்தாள். மூட்டையில் யார் பெயரும் இருக்கக் கூடாது. வருகிற பணம் மூட்டைக்கு இவ்வளவு என்று எல்லாருக்கும் சமம். பெயர் எழுதினால் உன் மூட்டை உசத்தி, என் மூட்டை மட்டம் என்று அடிதடி வரும், அதற்காகத்தான். அந்த விதியில் அவளுக்கு ஏகப்பட்ட பெருமை. அந்தப் பெருமையில்தான் மண் விழுந்தது.

ஷெட்டில் நூறு மூட்டையும் வந்து அடுக்கியாகிவிட்டது. லாரி பத்து மணிக்கு. அதற்குள் ஒரு மூட்டையைக் கொட்டிக் காட்டினால் எல்லாருக்கும் ஒரு தெம்பு வரும் என்று நினைத்தாள். அதுவும் புருஷன் கட்டிவைத்த தன் வீட்டு மூட்டையையே கொட்டினால் எவ்வளவு கம்பீரமாக இருக்கும்! பெயர் இல்லாவிட்டால் என்ன, புருஷனுடைய பழைய கட்டம்போட்ட சட்டையைக் கிழித்து ஒட்டுப்போட்ட மூட்டை அவளுக்குத் தெரியாதா?

“எங்க வீட்டிலேருந்தே ஆரம்பிப்போம்,” என்று சொல்லி மூட்டையைக் கவிழ்த்தாள்.

முதலில் குண்டு குண்டாகக் கிழங்கு வந்தது. அடுத்து கோலிக்குண்டு சைஸில் ஓர் அருவி. உருண்டு ஓடி ஷெட்டின் மூலை வரை போனது. வெயிலில் கிடந்து பச்சையாகிப்போன கிழங்குகளும் ஏழெட்டு இருந்தன. கடைசியில் அடியிலிருந்து மறுபடியும் குண்டு.

“அடேயப்பா,” என்றாள் ஓரகத்தி. புருஷனுடைய அண்ணன் மனைவி, இப்படி ஒரு நாளுக்காகத் தவம் கிடந்தவள். “வளையம் வேற வீட்டுக் கிழங்குக்கு மட்டும்தான் போல.”

அவளுக்கு முகம் கொதித்தது. புருஷனைத் தேடினாள். அவன் ஒரு தூணுக்குப் பின்னால் நின்றுகொண்டு, அந்தத் தூணை இப்போதுதான் முதல் தடவையாகப் பார்க்கிறவன் மாதிரி ஆராய்ந்துகொண்டிருந்தான்.

ஓரகத்தியின் சிரிப்பு அடங்குவதற்குள் அவள் அடுத்த மூட்டையைக் கவிழ்த்தாள். மேலே குண்டு, நடுவே பொடி, அடியில் குண்டு. அதற்கடுத்ததும் அப்படியே. டெய்லர் ஒருவர் இருந்தார், ஐந்து சென்ட் நிலத்தில் கிழங்கும் ஒரு மெஷினில் துணியும் என்று பிழைப்பவர். அவர் மூட்டையில் பொடியை நடுவில் வைத்து ஒரு துணிப்பையே தைத்திருந்தார். தொழில் சுத்தம் என்றால் அதுதான்.

சிரித்துக்கொண்டிருந்தவர்கள் ஒவ்வொருவராக நிறுத்தினார்கள். அடுத்தது தன்னுடையதாக இருக்குமோ என்ற பயம் வந்துவிட்டது.

“நூறு மூட்டையில என்னோடது மூணு,” என்றார் டெய்லர் மெதுவாக. “மத்தவங்க எல்லாம் நல்லதாத்தானே போடப்போறாங்க, இந்த மூணு தெரியவா போவுதுன்னு நெனச்சேன்மா.”

அதையேதான் எல்லாரும் நினைத்திருந்தார்கள். ஒரு வீடு பாக்கியில்லை.

அழுகை வந்தது. அழுவதற்கு நேரமில்லை. லாரிக்கு இன்னும் இரண்டு மணி நேரம்.

“எல்லா மூட்டையையும் கொட்டுங்க,” என்றாள். “ஒரு விஷயம். அவங்கவங்க மூட்டையை அவங்கவங்க தொடக் கூடாது. பக்கத்து வீட்டு மூட்டையைத்தான் பிரிக்கணும்.”

தன் கிழங்கென்றால் ஒவ்வொன்றுக்கும் வக்காலத்து வாங்குகிற ஊர், பக்கத்து வீட்டுக் கிழங்கு என்றதும் நீதிபதியாகிவிட்டது. ஓரகத்தி டெய்லரின் கிழங்கில் ஊசிமுனை அளவு கீறலைக்கூட விடவில்லை. டெய்லர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு ஓரகத்தியுடைய கிழங்குகளை மிதித்துத் தள்ளாத குறையாகக் கழித்தார். வளையம் கைக்குக் கை பறந்தது. தேறியதையெல்லாம் மறுபடி மூட்டை கட்டித் தைத்து முடித்தபோது லாரி ஹாரன் அடித்தது.

கம்பெனி ஆள் இறங்கினார். உள்ளேயிருக்கிற கிழங்கைக் குத்தி எடுத்துப் பார்க்கிற நீளமான கம்பி வைத்திருந்தார். ஒரு மூட்டையில் மேலே குத்தினார், அடியில் குத்தினார், நடுவில் குத்தினார். முகத்தில் ஆச்சரியம்.

“நல்லா இருக்கே. எத்தனை மூட்டை?”

“எண்பத்தெட்டு சார்.”

“நூறும்மா. நூறுன்னுதானே பேச்சு?”

“சார், பன்னெண்டுதான் குறையுது…”

“லாரி வாடகை எண்பத்தெட்டுக்கும் ஒண்ணுதான், நூறுக்கும் ஒண்ணுதான். எனக்கு மேல ஒருத்தர் இருக்கார், அவருக்கு மேல இன்னொருத்தர். ஒரு மணி நேரம் நிக்கிறேன். அதுக்கு மேல முடியாது.”

அவள் கூட்டத்தைப் பார்த்தாள். கூட்டம் வானத்தைப் பார்த்தது.

“யார் வீட்டிலயாவது இன்னும் இருக்கா?”

“ஒரு கிழங்கு கிடையாது,” என்றாள் ஓரகத்தி. “குழம்புக்குக்கூட வைக்கல.”

“தொடச்சுக் கொடுத்துட்டோம்,” என்றார் டெய்லர்.

அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. இந்த வருஷம் விளைச்சல் நல்ல விளைச்சல். மூட்டைக்குள் இவ்வளவு பொடி வந்திருக்கிறது என்றால், அந்த இடத்தில் இருக்க வேண்டிய பெரிய கிழங்கெல்லாம் எங்கே? காலையில் தரையைத் தொடாத கால் ஞாபகம் வந்தது. கட்டிலிலிருந்து தரைவரை இழுத்துவிட்டிருந்த போர்வை ஞாபகம் வந்தது. தினமும் கசங்கிக் கிடக்கிற போர்வையை அந்த மனுஷன் என்றைக்கு இழுத்துவிட்டிருக்கிறான்?

வாயை மூடிக்கொண்டிருக்கலாம். ஏற்கனவே ஊர் முன்னால் ஒரு தடவை மானம் போயிற்று. இப்போது சொன்னால் ஓரகத்திக்கு இன்னும் பத்து வருஷத்துக்குப் பேச்சு ஓடும். லாரியைப் பார்த்தாள். டிரைவர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தான்.

“எங்க வீட்டுக் கட்டிலுக்குக் கீழே இருக்கு,” என்று எல்லாருக்கும் கேட்கிற மாதிரி சொன்னாள். “என் புருஷன் ஒளிச்சு வச்சிருக்கார். எத்தனைன்னு எனக்குத் தெரியாது. என்னங்க, எத்தனை?”

தூணுக்குப் பின்னாலிருந்து இரண்டு விரல் மட்டும் நீண்டது.

“போய் எடுத்துட்டு வாங்க.”

அவன் தலையைக் குனிந்துகொண்டு நடந்தான். யாரும் சிரிக்கவில்லை. முதலில் டெய்லர்தான் இருமினார்.

“மெஷினுக்குப் பின்னால ஒண்ணு இருக்கும்னு நெனக்கிறேன். துணி மூட்டைன்னு நெனச்சுட்டிருந்தேன்.”

“கோழிக்கூண்டுக்கு மேல,” என்றார் ஒருவர். “தண்ணித் தொட்டிக்குள்ள, தொட்டி காலிதான்,” என்றார் இன்னொருவர். கடைசியில் ஓரகத்தி, யாரையும் பார்க்காமல், “மாமியார் பீரோவில ஒரு மூட்டை இருக்கு, பாவம் அவங்களுக்குத் தெரியாது,” என்றாள்.

முக்கால் மணி நேரத்தில் ஊரே மூட்டை சுமந்து ஓடியது. பதினாலு மூட்டை. பன்னிரண்டு ஏறியது, இரண்டு மிஞ்சியது. அவள் புருஷன் கொண்டுவந்த மூட்டையில் கம்பெனி ஆள் மூன்று இடத்தில் குத்திப் பார்த்தார். பிறகு ஆறேழு கிழங்கைக் கையில் எடுத்து உருட்டினார்.

“லாரியிலேயே இதுதான் முதல் தரம். எல்லாம் ஒரே அச்சு. யார் பிரிச்சது?”

அவளுக்குப் புரிந்துவிட்டது. ஒளித்துவைப்பதற்கு நல்லதாகப் பொறுக்க, அவள் வளையத்தையே எடுத்து அளந்திருக்கிறான்.

“என் வீட்டுக்காரர்தான் சார்,” என்றாள். பெருமைப்படுவதா, அங்கேயே அவன் மண்டையில் ஒன்று போடுவதா என்று தெரியவில்லை.

“அடுத்த அறுவடைக்கும் வரேன்,” என்று சொல்லிவிட்டுக் கம்பெனி ஆள் லாரியில் ஏறினார்.

வீட்டுக்கு வந்தபோது கட்டில் அடியில் போர்வை விலகிக் கிடந்தது. நான்கு காலுக்கும் கீழே செங்கல். அவன் உட்கார்ந்து ஒவ்வொரு செங்கல்லாக உருவிக்கொண்டிருந்தான். அவள் நின்று பார்த்தாள். முப்பத்தொரு வீடு நம்பாதது அவளுக்கு வலிக்கவில்லை. இது வலித்தது.

“என்னை நீங்க நம்பலையா?”

அவன் செங்கல்லைக் கீழே வைத்தான்.

“உன்னை நம்பாம என்ன? உன்னை நம்பினேன். மத்த முப்பத்தொரு வீட்டைத்தான் நம்பல. அவங்க பொடியைப் போட்டு லாரி திரும்பிப் போயிட்டா, தரகர் மூஞ்சிக்கு நேரா நீட்ட ரெண்டு மூட்டையாவது நல்லதா இருக்கட்டுமேன்னு வச்சேன்.”

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிப் பார்த்தாள், முடியவில்லை.

“ஏன் சிரிக்கிறே?”

“உங்க அண்ணியும் லாரி போனப்புறம் எங்கிட்ட இதையேதான் சொன்னாங்க. வார்த்தை மாறாம. முப்பத்தொரு வீட்டை நம்பலையாம். அதுல ஒண்ணு நாம.”

அவன் திருதிருவென்று விழித்தான். அவள் இடுப்பிலிருந்த வளையத்தை எடுத்து அவன் கையில் வைத்தாள்.

“அடுத்த அறுவடையிலேருந்து நீங்கதான் அளக்கிறீங்க.”

“ஐயோ, ஊரே என்னைத் திட்டுமே!”

“திட்டட்டும்,” என்று சொல்லிக் கட்டிலில் உட்கார்ந்தாள். இரண்டு காலும் தரையில் நன்றாகப் பதிந்தன.