இடம் மாறிய ஆன்டீஸ்

நான் குட்டி. உங்கள் குட்டிதான், வயது இருபத்து மூன்று. பட்டறையின் பின்பக்கப் படிக்கட்டில் உட்கார்ந்து போனில் பேசுகிறேன், பேசுவது நம் குடும்பக் குழுவில் எழுத்தாக விழுகிறது. சாப்பாட்டு நேரம் முடிய இருபது நிமிடம் இருக்கிறது. சாப்பிடவில்லை அம்மா, அதை விடுங்கள்.

பார்வையில்லாத பிள்ளைகள் தடவிப் படிக்கிற வரைபடம் செய்கிறோம் என்று சொல்லியிருந்தேன் அல்லவா? பிளாஸ்டிக் தாளைச் சூடாக்கி அச்சின்மேல் இழுத்தால் மலைகள் புடைத்துக்கொண்டு வரும். மூன்று மாதத்தில் உலகத்து மலையெல்லாம் விரலுக்குப் பழகிவிட்டது. இமயமலை இந்தியாவுக்கு வடக்கே வளைந்து கிடக்கும். யூரல், ஐரோப்பாவுக்கும் ஆசியாவுக்கும் நடுவே வடக்கு தெற்காக ஒரே கோடு. அட்லஸ், ஆப்பிரிக்காவின் வடமேற்கு மூலையில் ஒண்டிக்கொண்டிருக்கும்.

புள்ளி எழுத்தில் மலையின் பெயர் உள்ள பட்டையைப் பொருத்துவது என் வேலை. அதற்குத் துளை பின்பக்கத்திலிருந்து போடவேண்டும். பின்னாலிருந்து பார்த்தால் மலை பள்ளமாகத் தெரியும், இடம் வலம் மாறிவிடும். அதனால் துளை விழவேண்டிய இடங்களைக் குறித்த அளவுத்தாளைக் கவிழ்த்து வைத்துத்தான் துளை போடுவோம். நேற்று தென் அமெரிக்காவுக்குப் புது அளவுத்தாள் வந்தது. அவசரத்தில் கவிழ்க்காமல் அப்படியே வைத்துவிட்டேன். மேற்குக் கரையோரம் இருக்கவேண்டிய ஆன்டீஸின் பெயர் கிழக்குக் கரையில் போய் உட்கார்ந்துவிட்டது. ஒன்றல்ல, நாற்பது படம்.

காலையில்தான் பார்த்தேன். என்னை நிரந்தரமாக்கும் காகிதத்தில் சூப்பர்வைசர் அம்மா கையெழுத்துப் போடும் நாள் இன்று. அது இல்லாவிட்டால் இந்த நாட்டில் தங்க விசாவும் இல்லை.

பக்கத்து மேசைக்காரரை நாங்கள் ‘கண்ணாடி’ அண்ணன் என்போம். பேசாமல் பெட்டியில் போட்டு மூடச் சொன்னார்.

“பாக்க முடியாத பிள்ளைங்கடா. யாரு வந்து உன்னைக் கேக்கப்போறா?”

“அதுங்க விரலாலதாண்ணே பாக்குது.”

“அப்ப நல்லவன்னு பேரு வாங்கிக்கிட்டு வீட்டுக்குக் கெளம்பு.”

பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறவர்கள் இருக்கிறார்கள். ஏழு நாட்டு நீளத்துக்கு ஓடும் மலையை நான் எங்கே மறைப்பது? கண்ணை மூடித் தடவிப் பார்த்தேன். மலை கைக்கு வந்தது, பெயர் வரவில்லை. தேடித் தேடி வெறும் சமவெளியில் பெயரைக் கண்டுபிடித்தேன். இதைப் படிக்கும் பிள்ளை அந்தச் சமவெளியைத்தான் ஆன்டீஸ் என்று ஆயுசுக்கும் நம்பும்.

ஒரு படத்தை எடுத்துக்கொண்டு போய்ச் சூப்பர்வைசர் அம்மாவிடம் சொல்லிவிட்டேன். அவர் திட்டவில்லை. விரலை வைத்துப் பார்த்தார். மேசைமேல் இருந்த என் காகிதத்தை எடுத்து டிராயரில் போட்டார்.

“நாளைக்குச் சாயங்காலத்துக்குள்ள நாப்பதையும் புதுசாப் போட்டுக் குடு. அப்புறம் பாக்கலாம்.”

அந்த ‘அப்புறம்’ நல்லதா கெட்டதா என்று கண்ணாடி அண்ணனிடம் கேட்டேன். “நாளைக்குத் தெரிஞ்சிடும்” என்றார்.

அக்கா, மாமா, யார் முதலில் படித்தாலும் சரி. நாளைச் சாயங்காலம் நானே கூப்பிடும்வரை, எனக்கு வேலை நிரந்தரமாகிவிட்டது என்று யாரிடமும் சொல்லாதீர்கள்.