தமிழ் தெரிந்த ஒருவர் உடனிருக்க

1

இது கட்டுரையாக இருந்திருக்க வேண்டியது. குடும்பச் சட்டத்தில் என்னவெல்லாம் மாற வேண்டும் என்று ஒரு சிற்றிதழ் எழுதிக் கேட்டிருந்தது. “குடும்ப நீதிமன்றங்கள் அமைக்கப்பட்டது யாரையும் ஜெயிக்க வைப்பதற்காக அல்ல, மனிதர்களை—” என்று ஆரம்பித்தேன். மனிதர்களை என்ன செய்வதற்காக? சொல் வரவில்லை. ரஃபியின் முகம்தான் வந்தது. கட்டுரையை மூடிவிட்டேன்.

2

தொடக்கங்கள்:

புனேயில் மழை ஓய்ந்திருந்த ஒரு சனிக்கிழமை— (மழையில் தொடங்கினால் அடுத்த வரியிலேயே நான் அழத் தொடங்கிவிடுவேன். வேண்டாம்.)

ரஃபி ஓர் அப்பாவி— (இது தீர்ப்பு. தொடக்கம் இல்லை.)

நடந்ததையே சொல்கிறேன். ரஃபிக்குச் சொந்த ஊர் மேலப்பாளையம். புனேயில் கேம்ப் பகுதியில் பெட்டி, பை விற்கும் சிறிய கடை. மனைவி ஃபரீன் புனேயிலேயே பிறந்து வளர்ந்த தமிழ்ப்பெண், விமான் நகரில் ஒரு ஹோட்டல் வரவேற்பில் வேலை. மகள் ஹுதா, ஏழு வயது. இருவரும் பிரிந்துவிட்டார்கள், குழந்தை ஃபரீனிடம்.

[ஏன் பிரிந்தார்கள் என்று நீங்கள் கேட்பீர்கள். நானும் ஒரு காரணம் தேடினேன். அடி இல்லை, குடி இல்லை, இன்னொருவர் இல்லை. ஒரே வீட்டில் இருவரும் நாளுக்கு நாள் ஊமையாகிப் போனார்கள். சட்டத்தில் அதற்குப் பெயர் கிடையாது.]

போன பெருநாளுக்கு ஹுதாவை ஊருக்கு அழைத்துப்போன ரஃபி, சொன்ன தேதியில் திரும்பவில்லை. போனையும் அணைத்துவிட்டார். பத்து நாள் கழித்து ஃபரீன் தனியாக ரயிலேறிப் போய் மகளைக் கூட்டிவந்தாள். அதன்பின் வந்தது உத்தரவு: சனிக்கிழமைகளில், நீதிமன்றக் குழந்தைகள் அறையில், ஆலோசகர் முன்னிலையில் மட்டுமே தகப்பன் மகளைப் பார்க்கலாம். மறுபடி ஊருக்குப் போகப் பேசிவைத்துவிடக் கூடாது என்பதற்காக, ஆலோசகருக்குப் புரியும் மொழியில்தான் பேச வேண்டும். ஆலோசகர் மராட்டியர். நல்ல பெண்மணி. தமிழ் தெரியாது.

3

அந்த நாட்களை நான் பார்க்கவில்லை, ரஃபி சொன்னது.

“கானா காயா?” என்று கேட்பாராம். சாப்பிட்டாயா?

“ஹாங்.”

“ஸ்கூல் அச்சா ஹை?” பள்ளிக்கூடம் நன்றாக இருக்கிறதா?

“ஹாங்.”

இரண்டு ‘ஆமாம்’களோடு தீர்ந்துவிடும். “நம்ம இந்தி கடை இந்தி, அக்கா. பை விக்கலாம். பிள்ளைய கொஞ்ச முடியுமா?” என்றார் என்னிடம். மிச்ச நேரமெல்லாம் மகள் கலர் அடிப்பதைப் பார்த்துக்கொண்டே இருப்பாராம்.

அவருடைய வக்கீல் அமல்ராஜ் எங்கள் அடுக்ககத்தில் மேல்வீடு. அவர் மனுப்போட்டு, இரு தரப்புக்கும் உறவில்லாத, தமிழ் தெரிந்த ஒருவர் உடனிருக்கலாம் என்று அனுமதி வாங்கினார். அந்த ஒருவர் நான்.

[ஒட்டுக்கேட்பதற்கு நீதிமன்ற அனுமதி. எழுதுகிறவளுக்கு இதைவிட என்ன வேண்டும் என்று முதலில் நினைத்தேன். ஒரே சனிக்கிழமையில் அந்த எண்ணம் போய்விட்டது.]

4

தமிழ் அனுமதிக்கப்பட்ட முதல் நாள் ரஃபி நாற்காலியை மகள் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார். சட்டைக் காலரைச் சரிசெய்தார். பிறகு, “என்னளா, வாப்பா பேசலாமாம்” என்றார்.

ஹுதா கலர் பென்சிலை வைத்துவிட்டு நிமிர்ந்தாள்.

“கடை வாசல்ல ஒரு பூனை குட்டி போட்டிருக்கு. மூணு. அதுல ஒண்ணு ஒன்ன மாதிரியே மூஞ்சியச் சுழிக்கி.”

அவள் சிரித்தாள். அதன் பெயர் என்ன என்று இந்தியில் கேட்டாள். நீதான் வைக்க வேண்டும் என்று அவர் தமிழில் சொன்னார். இப்படியே போயிற்று: அவர் தமிழ், அவள் இந்தி. திடீரென்று அவள் ஒவ்வொரு சொல்லாகத் தேடி எடுத்து, “வாப்பா... பூனை... எங்க தூங்குது?” என்றாள்.

ரஃபி சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

ஆலோசகர் பதறி, “என்ன சொன்னாள்?” என்று என்னிடம் கேட்டார்.

“பூனை எங்கே தூங்கும் என்று.”

“அவ்வளவுதானா?”

“அவ்வளவுதான்.”

5

இந்த இடத்தில் ஃபரீனைக் கொஞ்சம் கல்நெஞ்சக்காரியாக எழுதினால் கதை நன்றாக ஓடும். எழுதியும் பார்த்தேன். ஆனால் அடுத்த வாரமே நீதிமன்ற வராந்தாவில் அவள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

“அவர் கெட்டவர் இல்ல, ஆண்டி. மத்லப்... ஐ மீன், பாசம்தான். பட் அந்த டென் டேஸ் நான் ஹுதா ஃப்ராக்க கட்டிப் பிடிச்சிட்டு படுத்தேன். அத எந்த கோர்ட்ல சொல்றது? இங்க கேக்கறது எல்லாம் டேட், டைம், அட்ரஸ்.”

பிறகு குழந்தைகள் அறைக் கதவைப் பார்த்து, “உள்ள ஹுதா சிரிக்கறாளா?” என்றாள்.

சொல்லலாமா என்று தெரியவில்லை. தலையை மட்டும் ஆட்டினேன். அவளும் ஆட்டினாள். அவள் கண்ணில் இருந்தது பொறாமையா ஆறுதலா என்று இரண்டு விதமாகவும் எழுதிப் பார்த்து, இரண்டையும் அடித்துவிட்டேன்.

சில வாரங்களில் அவளே தன் வக்கீல் மூலம் சொல்லியனுப்பினாள்: ஒரு ஞாயிற்றுக்கிழமை வெளியே அழைத்துப் போகட்டும், அந்த ஆண்டி கூட இருந்தால். நீதிபதி ஒப்புக்கொண்டார். அது நல்லபடியாக முடிந்தால் கோடை விடுமுறைக்கு மேலப்பாளையம் போவதையும் யோசிக்கலாம் என்றார்.

6

மூவரும் புனேயை அடுத்த கடக்வாஸ்லா அணைக்குப் போனோம்.

[நான் எழுதிப் பார்த்த பக்கம்: ரஃபி என்னை டீ வாங்க அனுப்பிவிட்டு, மகளோடு நெடுஞ்சாலையில் பஸ் ஏறுகிறார். படிக்க விறுவிறுப்பாக இருந்தது. அதனாலேயே வெட்கமாகவும் இருந்தது.]

நடந்தது: சுட்ட சோளம் வாங்கினார். எலுமிச்சையும் மிளகாய்ப் பொடியும் தடவியதை ஹுதா தின்று, உறைத்துக் குதித்தாள். தண்ணீரைக் காட்டி, “ஆத்துல இப்படித்தான் வாப்பா சின்னப்பிள்ளைல குதிப்பேன்” என்றார். அவள் அவர் தோளில் ஏறி உட்கார்ந்தாள். இவ்வளவுக்கும் நடுவில் அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடியே இருந்தார். வெயில் தாழுமுன்பே, “போவோம்க்கா. டிராபிக் இருக்கும்” என்றார்.

“இன்னும் கொஞ்சம், வாப்பா!” ஹுதா அழுதாள்.

அன்று சாலை காலியாக இருந்தது.

7

விமான் நகரில் ஃபரீனின் குடியிருப்பு வாசல். செக்யூரிட்டி போன் செய்ததும் இறங்கி ஓடிவந்தாள். ஏதோ கெட்டது நடந்துவிட்டது என்று முகமெல்லாம் வெளுத்திருந்தது.

“இன்னும் நெறய டைம் இருக்கே. ஏன்?”

“லேட்டாயிரக் கூடாதுல்லா,” என்றார் ரஃபி.

ஃபரீன் அவரைப் பார்த்தாள். அந்தப் பார்வைக்கு நான் உவமை தேடவில்லை. தூங்கிப்போன ஹுதாவை அவர் தோளிலிருந்து வாங்கக் கை நீட்டியவள், வாங்காமலே கையை இறக்கிக்கொண்டாள். வாசலுக்குள் இருந்த சிமெண்டு பெஞ்சைக் காட்டினாள்.

“முழிக்கட்டும். உக்காருங்க.”

அவர் மெதுவாக உட்கார்ந்தார். மறு ஓரத்தில் அவளும் உட்கார்ந்தாள். ஏதோ பேச ஆரம்பித்தாள், தமிழில்.

வழக்கு இன்னும் முடியவில்லை. நீதிபதி மாற்றலாகிவிட்டார். புதியவரிடம் எல்லாவற்றையும் முதலிலிருந்து சொல்ல வேண்டும். கோடைக்கு என்ன உத்தரவு வரும் என்று அமல்ராஜுக்கே தெரியாது. அந்தச் சிமெண்டு பெஞ்சில் இருவரும் என்ன பேசினார்கள் என்று எனக்கும் தெரியாது. இரண்டு மூன்று முடிவுகள் என்னால் எழுத முடியும், உங்களாலும் முடியும்.

ஆனால் அவர்களுக்கு நடுவே எப்போதும் வக்கீலோ ஆலோசகரோ நானோ, யாராவது உட்கார்ந்து கேட்டுக்கொண்டேதான் இருந்தோம். அன்று நான் ஆட்டோவைக் கைகாட்டி நிறுத்தி ஏறிக்கொண்டேன். நீங்களும் வாருங்கள். கொஞ்சம் தள்ளி உட்கார்கிறேன், இடம் இருக்கிறது.