எட்டாம் மாதம் பதினைந்து

மறைந்த கொரியக் கவிஞர் தக் இன்மோவைப் பற்றிப் பேராசிரியை பியோ பதினோரு வருஷம் உழைத்து எழுதிய ஆய்வுநூல் மறுநாள் அச்சேற இருந்தது. முகப்புக்கு ஒரு புகைப்படம் வாங்கத்தான் ஜொன்ஜு நகரத்தில் இருந்த கவிஞரின் மனைவி வீட்டுக்குப் போனார்.

அந்த அம்மாள் தரையில் உட்கார்ந்து முளைப்பயறுக்கு வால் கிள்ளிக்கொண்டிருந்தாள். "அந்த நிலாக் கவிதையப் பத்தி என்னம்மா எழுதியிருக்கே?"

"அதுதாம்மா புத்தகத்தோட உசிரே! எட்டாம் மாசம் பதினஞ்சுன்னு தேதி போட்டிருக்காரே, ஆகஸ்ட் பதினஞ்சு, நம்ம கொரியாவோட விடுதலை நாள். அந்த நிலா நம்ம நாடுதான்னு நாப்பது பக்கம் எழுதியிருக்கேன்."

"நாடா? அன்னிக்கு அறுவடைப் பௌர்ணமிப் பண்டிகைம்மா. எங்க அம்மா வீட்டுக்குப் போகலாம்னு நச்சரிச்சேன். கோவிச்சுக்கிட்டு முற்றத்துல போய் உக்காந்து எழுதினாரு. அந்த மனுஷன் பழைய சந்திரக் கணக்குலதானே தேதி போடுவாரு!"

பியோவே தன் பிறந்தநாளை அந்தச் சந்திரக் கணக்கில்தான் கொண்டாடுகிறவர்.

"எல்லாக் கவிதைக்குமா?"

"எல்லாத்துக்கும்தான்."

எழுபத்துமூன்று கவிதைகள். எழுபத்துமூன்று தேதிகளும் தப்பு.

"பதினோரு வருஷத்துல ஒரு தடவை சொல்லக்கூடாதாம்மா?"

"நீ எங்கே கேட்டே? வர்றப்பல்லாம் அவரோட மௌனத்துக்கு என்ன அர்த்தம்னுதானே கேட்டே!"

பியோ பல்லைக் கடித்துக்கொண்டு பதிப்பகத்துக்குப் போன் போட்டு, அச்சை நிறுத்தச் சொன்னார். மறுமுனையில் ஒரே கத்தல். அந்த அம்மாள் பயறுத் தட்டை அவர் பக்கம் மெல்ல நகர்த்தினாள்.

"அவங்க திட்டி முடிக்கிற வரைக்கும் இதைக் கிள்ளும்மா."