மடக்கக் கூடாத கஜக்கோல்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை பஸ் வராத எரிச்சலில் பிறந்தது. எண்பத்தேழு செப்டம்பரில் இடஒதுக்கீடு கேட்டு ஒரு வாரம் சாலை மறியல் நடந்ததே, அப்போது நான் சங்கராபுரத்தில் மூன்று நாள் மாட்டிக்கொண்டேன். போகிற வழியெல்லாம் மரத்தை வெட்டிச் சாய்த்திருந்தார்கள். வழியைச் சுருக்க ஒரு கோல் இருந்தால் எப்படி இருக்கும் என்று அங்கே உட்கார்ந்துதான் யோசித்தேன். கோல் உடனே கிடைத்தது, அதைப் பிடிக்க ஆள் கிடைக்கவில்லை. கவுஸ் பாஷா வந்து சேர முப்பது வருஷம் ஆயிற்று.

முதல் தொடக்கம்: "கல்வராயன் மலை முகடுகளில் மேகங்கள் தவழ்ந்துகொண்டிருந்த அந்த" — வேண்டாம். மேகம் தவழ்ந்தால் யாருக்கு என்ன.

இரண்டாவது: "கள்ளக்குறிச்சி ஜவுளிக்காரர் கவுஸ் பாஷா துணி மூட்டையோடு மலையேறிய மூன்றாம் நாள்" — இது தேவலை. ஆனால் கோலைப் பற்றிச் சொல்லாமல் இதற்கு மேல் போக முடியாது.

2

ஏழூற்று என்று ஒரு நாடு. வரைபடத்தில் தேடாதீர்கள், நேற்று சாயங்காலம்தான் உண்டாக்கினேன். அந்த ராஜாவுக்கு மாமியார் வீடு தூரம். தச்சனைக் கூப்பிட்டு வழியைக் குறைக்கச் சொன்னான். தச்சன் கருங்காலியில் மூன்றடிக் கோல் செய்து, நடுவில் பித்தளைக் கீல் வைத்தான். தரையில் வைத்து ஒரு தடவை மடக்கினால், மடக்கியவனுக்கு ஒரு மைல் குறையும். ராஜா மடக்கி மடக்கிப் போய் விருந்து சாப்பிட்டான். அதே வழியில் தண்ணீருக்குப் போன பெண்கள் அன்று வீடு திரும்பவில்லை. அவனுக்குக் குறைந்த மைலெல்லாம் அவர்கள் காலடியில் போய்ச் சேர்ந்திருந்தது.

(முதல் வரைவில் இந்தக் கேடு இல்லை. யாருக்கும் நஷ்டமில்லாத மாயம். படிக்க நன்றாகத்தான் இருந்தது, எனக்கே நம்பிக்கை வரவில்லை.)

கோல் சந்தை சந்தையாகக் கைமாறி பாஷாவின் தாத்தாவிடம் வந்தது. மூன்றடி என்றால் ஒரு கஜம், துணி அளக்கத் தோது. மடக்கினால் அதே ஊருக்குக் கூட நடந்து வருகிறவருடைய வழி அந்த அளவு நீளும் என்று விற்றவன் சொல்லித்தான் கொடுத்தான். தாத்தா கீலின் மேல் துணியைச் சுற்றி இறுக்கிக் கட்டினார். மூன்று தலைமுறையாக அதை யாரும் அவிழ்க்கவில்லை.

3

மறியல் வாரத்தில் பாஷா மலையில் இருந்தார். மனைவியின் தம்பி உமைர் நடந்தே ஏறி வந்து சேதி சொன்னான்.

"மச்சான், நௌஷீனுக்கு காய்ச்சல் ஜாஸ்தியாப் பூட்சி. ரத்தம் ஏத்தணுமாம். எங்க யாரோடதும் சேரல. பொழுது சாயறதுக்குள்ள நீங்க வந்தாத்தான்னு டாக்டர் சொல்றாரு."

நௌஷீனுக்குப் பதினொரு வயது. கால் கொப்புளித்து உட்கார்ந்த உமைரிடம் மூட்டையை விட்டுவிட்டு, கோலை மட்டும் எடுத்துக்கொண்டு பாஷா இறங்கினார். வழியிலேயே கீலில் கட்டிய துணியை அவிழ்த்துவிட்டார்; ஆனாலும் முடிந்த மட்டும் நடந்தே பார்த்தார்.

(ரத்தம் கொடுக்கப் போகிற தகப்பன், சினிமா என்பீர்கள். முன்பு அவரை மகள் முகத்தைப் பார்க்க மட்டும்தான் அனுப்பினேன். மடக்கக் கூடாது என்று சொல்வது உங்களுக்குச் சுலபமாக இருந்தது. அதனால் மாற்றினேன்.)

4

கச்சிராயபாளையம் தாண்டி ஒரு புளியமரம் ரோட்டில் குறுக்கே கிடந்தது. மறியல்காரர்கள் அதன் மேல் உட்கார்ந்திருந்தார்கள்.

"எங்க புள்ளைங்க படிக்கணும், வேலைக்குப் போவணும்னுதான் பாய் குந்திக்கினு இருக்கிறோம்" என்றார் அவர்களில் மூத்தவரான பச்சமுத்து. "நடந்து போறவங்களத் தடுக்க மாட்டோம். போங்க."

பாஷா மரத்தைத் தாண்டிக் கோலைத் தரையில் வைத்தார். கள்ளக்குறிச்சிக்கு இன்னும் எட்டு மைல், பொழுது சாய ஒரு மணி நேரம்கூட இல்லை. அப்போது பின்னால் ஒரு தூளி வந்தது. மலையில் சாமை விளைவிக்கிற தர்மனும் அவன் மச்சான் மாயவனும் மூங்கிலில் கட்டித் தூக்கி வந்தார்கள். உள்ளே தர்மனின் மனைவி தைலம்மாள். பச்சமுத்துவும் மற்றவர்களும் எழுந்து, தூளியைக் கை மாற்றி மரத்துக்கு இந்தப் பக்கம் இறக்கினார்கள்.

"ரெண்டு நாளா வலி பாய்" என்றான் தர்மன். "கொழந்த குறுக்க நிக்குதாம். கள்ளக்குறிச்சிக்கே கொண்டுபோவச் சொல்லிட்டாங்க."

பாஷா கோலைத் தரையிலிருந்து எடுக்கவில்லை. "தர்மா, இந்தக் கோல மடக்குனா வழி கம்மியாவும்" என்றார். மீதிப் பாதியைச் சொல்லாமல் விட்டார்.

துணி அளந்ததும் நாலு விரல் கூட விட்டுக் கிழிப்பது அவர் வழக்கம். அதனால் மலையில் யாரும் அவர் அளந்ததைத் திரும்ப அளப்பதில்லை. தர்மன் சிரிக்கக்கூடச் செய்தான்.

"அப்ப இன்னா யோசன, மடக்குங்க பாய். முப்பது வருசத்துல நீங்க அளந்து எங்களுக்கு எது கொறஞ்சிது?"

5

முடிவு ஒன்று. மடக்குகிறார். நௌஷீன் பிழைக்கிறாள். தூளி எட்டு மைலுக்குப் பதினாறு மைல் போகிறது. பதினோராவது மைலில் தர்மன் தூளியை இறக்கி, துணியை விலக்கி — அடித்துவிட்டேன்.

முடிவு இரண்டு. கோலை எறிந்துவிட்டுத் தூளிக்குத் தோள் கொடுக்கிறார். உங்களுக்குப் பிடிக்கும். ஆஸ்பத்திரியில் அந்தப் பிள்ளையிடம் இதை யார் போய்ச் சொல்வது? என்னால் ஆகாது.

மூன்றாவதைத் தேடி முதலிலிருந்து படித்துப் பார்த்தேன். பாஷாவுக்குத் தாத்தா கொடுத்திருக்கிறேன், தொழில் கொடுத்திருக்கிறேன், மகளின் பேரும் வயதும் கொடுத்து உங்களை அவர் தோளருகே கொண்டுபோய் நிறுத்தியிருக்கிறேன். தைலம்மாளை மூட்டையாகக் கட்டித் தூக்கி வந்திருக்கிறேன். அவள் வயது எழுதவில்லை, முகம் எழுதவில்லை, ஒரு வார்த்தை பேச விடவில்லை. பாஷா மடக்குவதற்கு முன்பே கோலை நான் மடக்கியிருக்கிறேன்; அவரிடம் வர உங்களுக்குக் குறைந்த தூரமெல்லாம் அவள் பக்கம் போய்ச் சேர்ந்திருக்கிறது. வெட்கமாக இருக்கிறது.

இனி முடிவெழுத எனக்கு யோக்கியதை இல்லை. அவளுக்குச் சேர வேண்டிய ஒரு வரியை மட்டும் கொடுத்துவிட்டுப் பேனாவை மூடுகிறேன்.

தூளிக்குள்ளிருந்து ஒரு கை துணியை விலக்குகிறது. தைலம்மாள் பாஷாவைப் பார்க்கவில்லை, தர்மனையும் பார்க்கவில்லை. இவ்வளவு நேரம் பக்கத்திலேயே நின்று படித்துக்கொண்டிருக்கிற உங்களைப் பார்த்துக் கேட்கிறாள்.

"இன்னும் எவ்ளோ தூரங்க?"