வாசல்வரை வந்த துரை

பறித்துக்கொள்ள வருகிறவனுக்கு வீட்டைக் கழுவித் துடைத்துக் கொடுக்கும் ஜனம் உலகத்தில் வேறெங்காவது இருக்குமா தெரியவில்லை. ரஞ்சிதம் அதைத்தான் செய்துகொண்டிருந்தாள். அறுபது வயதோடு தேயிலைக்காட்டு வேலை முடிந்தது. வேலை முடிந்தால் வீடும் முடிந்தது என்று தோட்ட மேனேஜர் துரை மகேஸ்வரன் சொல்லிவிட்டார். அவள் பிறந்ததும் வாழ்ந்ததும் தோட்டத்து வரிசை வீடுகளில் ஒன்றான அந்த லைன் வீட்டில்தான்.

காலையிலேயே அவள் சாமானை ஏற்ற லோரி வந்துவிட்டது. கூடவே துரையின் காரும், கூரைத் தகரத்தைக் கழற்ற இரண்டு ஆட்களும். ரஞ்சிதம் ஈரக்கையைக் கைலியில் துடைத்துக்கொண்டு நிலைப்படியில் நின்றபடி இரண்டு கையாலும் சாவியை நீட்டினாள்.

"ம்மா! குடுத்துறாத!"

கீழே தாப்பா டவுனில் வக்கீல் ஆபீசில் வேலை செய்யும் மகள் ரூபினி, மோட்டார் சைக்கிளை அப்படியே போட்டுவிட்டு ஓடிவந்தாள்.

"சாவிய குடுத்தா நீயா போனதா ஆயிரும். நீ உள்ள இருக்கிற வரைக்கும், கோர்ட் ஆர்டர் இல்லாம ஒன்ன யாரும் வெளிய தள்ள முடியாது. அது சட்டம்!"

"சட்டமெல்லாம் டவுன்லடி. இங்க தொர இருக்காரு."

துரை சிரித்தார். "மக படிச்சிருக்கு, அதான் வாய் நீளம் லா. சாவிய குடு ரஞ்சிதம்."

அதற்குள் ஒருவன் ஏணி சாத்தி மேலே ஏறிவிட்டான். ஆணி பிடுங்கும் சத்தம் ரஞ்சிதத்தின் தலைக்கு மேலே கேட்டது. உள்ளே ஆள் இருக்கும்போதே கூரையைப் பிரிக்கிறார்கள். அவள் நீட்டிய கை தானாக மடங்கியது.

"எறங்கச் சொல்லுங்கய்யா. நான் போவல."

துரை போலீசுக்குப் போன் செய்தார். விலங்கு மாட்டித்தான் கூட்டிப்போவார்கள் என்று ரஞ்சிதம் நினைத்தாள்.

ரிங்லெட் ஸ்டேஷனிலிருந்து வந்த மலாய்க்காரப் போலீஸ்காரன் வாசலுக்கு வெளியே நின்றே கேட்டான். துரை பேர் சொல்லிக் கூப்பிடுகிறவளை அவன் மக்சிக், பெரியம்மா, என்றான்.

"மக்சிக் இங்கதான் குடியிருக்கீங்களா?" என்றான் மலாயில்.

"ஆமா துவான்."

அவன் துரை பக்கம் திரும்பினான். "கோர்ட் ஆர்டர் அடா, போஸ்?" இருக்கிறதா என்று கேட்டான்.

"இது கம்பெனி வீடு. கம்பெனி நிலம்."

"இருக்கட்டும். கோர்ட் ஆர்டர் அடா?"

துரை கையிலிருந்த போனைச் சட்டைப்பையில் போட்டார். பனி மலைச்சரிவிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தது. துரையிடம் பதிலில்லாத ஒரு கேள்வி இந்த மலையில் இருக்கிறது! அது இத்தனை காலம் எங்கே கிடந்தது? பழைய துரை அவளுடைய அப்பனை மட்டும் நாலு உதை உதைத்து லைனை விட்டு விரட்டிய நாளில் இதை யாராவது கேட்டிருந்தால்? சாமி முன்னால் நிற்பதுபோல் அவளுக்கு உடம்பு சிலிர்த்தது.

கூரையிலிருந்தவன் யாரும் சொல்லாமலே இறங்கினான்.

துரை வாசல்வரை வந்தார். அவருடைய பூட்ஸ் நிலைப்படிக்கு வெளியே நின்றுவிட்டது.

"ரஞ்சிதம், உள்ள வந்து ஒக்காந்து பேசலாமா?"

துரை அவளிடம் அனுமதி கேட்கிறார். ரூபினி பதில் சொல்ல வாயெடுத்தாள். ரஞ்சிதம் அவள் கையைப் பிடித்து நிறுத்தினாள்.

"வேணாங்கய்யா. கோர்ட்டுல கேளுங்க. நானும் வரேன், அங்க பேசுவோம்."

சொன்னது தன் குரல்தானா என்று அவளுக்கே சந்தேகமாக இருந்தது.

லோரி காலியாகப் பின்னோக்கி இறங்கியது. அந்தக் குறுகலான மண்பாதையில் திருப்ப இடமில்லாமல், துரையின் காரும் முகத்தை லைன் பக்கம் வைத்தபடியே பின்னால் பின்னால் போனது. எல்லா வீட்டுக் கதவும் திறந்திருந்தது.