எனக்கு மட்டும் வரும் வாசனை

உள்ளங்கையில் இளஞ்சிவப்பு மாத்திரை, மறு கையில் தண்ணீர்ச் சொம்பு, அடுப்படியில் நிற்கிறேன், கேஸ் வாசனை வருகிறது, வருகிறதா, எனக்குத்தான் வருகிறதா, யாரிடம் கேட்பது, சளியில் மூக்கடைத்துப்போய்க் கூடத்தில் டிவி பார்க்கும் அத்தையிடம் கேட்டால் மாத்திரை போட்டியாம்மா என்பார், போன வாரம் பருப்பில் உப்பு கூடிவிட்டது என்றதற்கும் அதையேதான் கேட்டார், பக்கத்து வீட்டுக்காரர்கள் முன்னால், எனக்கு முகமெல்லாம் எரிந்தது, நல்லாருக்குங்கத்தை என்று அந்த உப்புப் பருப்பையே பிசைந்து தின்றேன்.

வாசனைதான் என் வியாதி. என் பாப்பா குழலி நாலு மாதத்தில் காய்ச்சலில் போய்விட்டாள், அவள் தூங்கிய தூளிப் புடவையைத் துவைக்காமல் தலைமாட்டில் வைத்துக்கொண்டேன், பாலும் பவுடரும் கலந்த அவள் வாசனை அதில் இருந்தது, இருக்காதா பின்னே, முகத்தைப் புதைத்து அழுவேன், சோறு மறந்துபோகும், பாப்பா வாசனை வருதுங்க என்று ஒருநாள் அவரிடம் சொல்லித் தொலைத்தேன், மறுநாளே டாக்டர் அறை, டாக்டர் என் கணவரைப் பார்த்தே கேட்கிறார், தூங்கறாங்களா, சாப்பிடறாங்களா, இன்னும் அழறாங்களா, நான் சுவர்க் காலண்டரைப் பார்க்கிறேன், இல்லாத வாசனை வர்றது இதுல உண்டுங்க, மாத்திரையில சரியாயிரும், புடவையைத் துவைத்தீர்களா என்று டாக்டரும் கேட்கவில்லை, இவரும் சொல்லவில்லை, எனக்கும் வாய் வரவில்லை, என்ன சொன்னாலும் அதுவும் வியாதியாகிவிடுமே என்று அவமானமாக இருந்தது. வீடு திரும்பினால் புடவை கொடியில் ஈரமாகத் தொங்குகிறது, அத்தை துவைத்துவிட்டார், என் நல்லதுக்குத்தான், ராத்திரி முகர்ந்தால் சோப்பு வாசனைதான் வந்தது, பாப்பா வாசனை வரலீங்க என்றேன், பாத்தியா, ஒரே மாத்திரைல போயிருச்சு என்று அவர் சந்தோஷப்பட்டார்.

இப்போதும் வருகிறது, முதலில் லேசாக, பிறகு தொண்டைவரை, ஜன்னலுக்குக் கை போகிறது, திறந்தால் ஏன் என்பார்களே, வெட்கம் கையைப் பிடிக்கிறது, தலை கிறுகிறுக்கிறது, தூளிக்குள் குழலி புரள்கிறாள், ஆட்டிவிட வேண்டும், வாசல் கதவு திறக்கிறது, செருப்பைக்கூடக் கழற்றாமல் அவர் ஓடிவந்து சிலிண்டரை மூடுகிறார், ஜன்னல்களைத் தள்ளித் திறக்கிறார், ஏம்மா, வீடே நாறுது, உனக்கு வரலையா.

வந்துச்சுங்க, எனக்கு மட்டுந்தான் வருதாக்கும்னு நின்னுட்டேன்.

அவர் சிலிண்டரையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்ப அந்தப் புடவையில வந்தது, என்று கேட்டேன். கையை விரித்தேன், மாத்திரை வியர்வையில் கரைந்து உள்ளங்கை முழுக்க இளஞ்சிவப்பாக அப்பியிருந்தது, போட்டியா என்று அவர் கேட்கவில்லை, துண்டை நனைத்துக்கொண்டு துடைக்க வந்தார், விடுங்க, இதையாவது நானே கழுவிக்கறேன் என்று கையை மூடிக்கொண்டேன்.