குழாய் வாயில் திணித்த சாக்கு

விடிந்தும் மழை விடவில்லை. நாரிந்தா சந்தின் டீக்கடைக்கு வெளியே, கையோடு கொண்டுவந்த தகர டம்ளரை ஏந்திக் குந்தியிருந்தாள் சுக்னி. துப்புரவுக் காலனிக்காரர்களுக்குக் கடைக் கோப்பை கிடையாது. டாக்காவில் அதற்குச் சட்டம் எதுவும் இல்லை, பழக்கம்தான். எதிரே தலுக்தாரின் பழைய மூன்று மாடி வீடு. அதன் கழிவு தெருச் சாக்கடையில் வந்து விழும் குழாய் வாயில், நேற்று சாயங்காலம் ஒரு சாக்கை நன்றாக அழுத்தித் திணித்திருந்தாள். சாக்கடை வாருவது அவள் வேலை. அவள் சாக்கடை மூடியைத் திறந்தால் யாரும் ஏனென்று கேட்பதில்லை, மூக்கைப் பொத்திக்கொண்டு விலகிவிடுவார்கள்.

போன மழைக்காலத்தில் அந்த வீட்டு மலத்தொட்டிக்குள்தான் அவள் புருஷன் புத்துலால் செத்தான். விஷக்காற்று போக மூடியை ஒரு ராத்திரி திறந்து போட்டு, விளக்கைக் கயிற்றில் இறக்கி, அது அணையாமல் இருந்தால்தான் காலனி ஆட்கள் உள்ளே இறங்குவார்கள். அன்று தலுக்தார் மகளுக்குக் கல்யாண மஞ்சள் பூசும் சடங்கு. "விருந்தாளி வர்ற நேரத்துல நாத்தத்தைத் திறந்து வைப்பியா? இறங்குடா" என்றார். போலீஸ் வந்ததும், குடித்துவிட்டு விழுந்தான் என்றார். புத்துலால் குடிகாரன்தான். ஆனால் அன்றைக்கு ஒரு சொட்டும் தொடவில்லை. பிணத்தின் வாயை முகர்ந்து பார்த்தவள் அவள்.

"என்ன சுக்னி, எதிர்வீட்டு நாத்தம் குடலைப் புடுங்குது. உனக்கு மூக்கு செத்துப்போச்சா?" என்றார் டீக்கடைக்காரர்.

"செத்தது மூக்கு இல்லண்ணே."

அடைபட்டு வீட்டுக்குள் ஏறும் கழிவுத் தண்ணீரில் தலுக்தார் வெள்ளை ஜிப்பாவோடு நடந்து வந்து, காலனி வாசலில் கெஞ்ச வேண்டும். அதைக் கண்ணாரப் பார்க்க வேண்டும். அதற்காகத்தான் இங்கே வந்து குந்தியிருந்தாள்.

வந்தது தலுக்தார் இல்லை. கீழ்த்தளத்து ஒற்றை அறையில் வாடகைக்குக் குடியிருக்கும் ஜொரினா, டின் டின்னாக மலத்தண்ணீரை மொண்டு தெருவில் ஊற்றினாள். அவள் புருஷன் ரொஃபிக், புத்தகம் தைப்பவன், முகத்தில் துண்டைக் கட்டிக்கொண்டு, திறந்த கேட் வழியே தெரிந்த முற்றத்துக்கு வந்தான். இரண்டாம் மாடி பால்கனியில் கைக்குட்டையும் மூக்குமாக நின்றார் தலுக்தார்.

"ஆள் அனுப்பிச்சேன், காலனில ஒருத்தனும் வரமாட்டேங்கிறான். கொழுப்பு! நீயே தொட்டிக்குள்ள இறங்கிக் குத்திவிடு. முடியலைன்னா ரூமைக் காலி பண்ணு."

ரொஃபிக் தொட்டி மூடியைப் புரட்டினான். ஒரு காலை உள்ளே விட்டான்.

டம்ளர் எங்கே விழுந்தது என்று சுக்னிக்குத் தெரியாது. ஓடிப்போய் அவன் சட்டையைக் கொத்தாகப் பிடித்து இழுத்தாள். "காலை எடுடா, மடையா! உள்ள காத்தே கிடையாது, செத்துப்போவே! அடைப்பு தொட்டில இல்ல. வெளிய குழாயில. நான்தான் அடைச்சேன்."

ஜொரினா டின்னைக் கீழே போட்டாள். "நீயா? என் புள்ள படுத்திருக்கிற கட்டில் மிதக்குதுடி பாவி!"

"அவரு மிதப்பாருன்னு நெனச்சேன்" என்றாள் சுக்னி. அவள் விரல் பால்கனியைக் காட்டியது.

தெருவுக்குப் போய்க் குழாய்க்குள் தோள்வரை கையை விட்டுச் சாக்கைப் பிடுங்கினாள். அடைந்து கிடந்ததெல்லாம் அவள் முகத்திலும் மார்பிலும் பீறிட்டது. முற்றத்துத் தண்ணீர் மெல்ல வடியத் தொடங்கியது.

கண்ணைத் துடைத்துக்கொண்டு கேட்டுக்குள் வந்து அண்ணாந்தாள். "சாகிப்! அடைச்சது நான்தான். கேட்டுச்சா? எதுக்குன்னு கேளு! கீழே வந்து கேளு!"

மேலே ஜன்னல்கள் ஒவ்வொன்றாகச் சாத்தப்பட்டன. பால்கனிக் கதவை இழுத்துக்கொண்டே தலுக்தார் குனிந்து பார்த்தார்.

"ரொஃபிக், அவ நின்ன இடம் பூரா பிளீச்சிங் பவுடர் போடு. நல்லா போடு."

ரொஃபிக் டப்பாவை எடுத்து வந்தான். சுக்னியின் முகத்தைப் பார்க்காமல், குனிந்தபடியே, அவள் பாதங்களைச் சுற்றி வெள்ளைப் பொடியைத் தூவினான்.